ஜின்னியா தொடர்ந்து பூக்க: உரத்தை விட விதைப்பு இடைவெளியைப் பாருங்கள்

கேள்வியின் சுருக்கம்: மதுரை, மொட்டை மாடி, ஓரடி அகலப் பைகள் 12. டிசம்பர் கடைசியில் ஒரே நாளில் ஜின்னியா விதைத்து, பிப்ரவரி முடிவிலிருந்து நன்றாகப் பூத்திருக்கிறது. ஏப்ரல் நடுவில் பூ சிறுத்து, கீழ் இலைகளில் வெள்ளை படர்ந்து, 12 பைகளும் ஒன்றாகக் காய்ந்துவிட்டன. உரம் போதவில்லையா? ஆண்டு முழுக்கப் பூ கிடைக்க என்ன வழி?

உரம் போட்டிருந்தாலும் அந்தச் செடிகள் நின்றிருக்காது. ஜின்னியா ஒரு பருவச் செடி. முளைத்து, பூத்து, விதை பிடித்து, நான்கு மாதத்துக்குள் கதையை முடித்துக்கொள்ளும். ஒரே நாளில் விதைத்த செடிகளுக்கு ஒரே சமயத்தில் முதுமை வருவது நோயல்ல. செம்பருத்தி, அரளி மாதிரி வெட்டிவிட்டு உரமிட்டால் துளிர்த்து வரும் என்று நினைத்துத்தான் பலர் கிழச் செடிக்கு மாதக்கணக்கில் தீனி போடுகிறார்கள். அந்த உழைப்பில் பாதியை அடுத்த விதைப்பில் போட்டால் பலன் அதிகம்.

கணக்கு இப்படி. சமவெளி வெயிலில் விதைத்த 4, 5 நாளில் முளை. 15 முதல் 18 நாளில் நாற்றைப் பைக்கு மாற்றலாம். ஒரு மாதத்தில் நுனி கிள்ளல். 60 நாள் வாக்கில் முதல் பூ. அதிலிருந்து ஆறேழு வாரம் நல்ல பூ, பிறகு இறக்கம். ஆக, ஒரு செடி பையில் உட்காரும் காலம் சுமார் 14 வாரம். 4 வாரத்துக்கு ஒரு முறை விதைப்பதாக வைத்தால் நான்கு அணி பைகள் வேண்டும். உங்களிடம் 12 இருப்பதால் அணிக்கு மூன்று. முதல் அணி ஓயும் நேரத்தில் ஐந்தாவது விதைப்பு தட்டில் முளைத்துக்கொண்டிருக்கும். இந்தச் சுழற்சியில் எப்போது பார்த்தாலும் ஓர் அணியாவது பூத்திருக்கும், பாதி நாட்கள் இரண்டு அணிகள் பூத்திருக்கும். பார்ப்பதற்கு 12 பையும் ஒன்றாகப் பூத்த பிப்ரவரி மாதிரி இருக்காது என்பதை மட்டும் முன்கூட்டியே ஏற்றுக்கொள்ளுங்கள். எல்லாம் ஒரே நேரத்தில் பூக்கவும் வேண்டும், இடைவெளியும் கூடாது என்றால் பைகளைத்தான் கூட்ட வேண்டும்.

எந்த மாதம் விதைப்பது? ஜின்னியாவின் சொந்த ஊர் மெக்சிகோ. வெயிலும் சூடும் அதற்குப் பகையே அல்ல. இலை ஈரமாகக் கிடப்பதுதான் பகை. அதனால் ஜனவரி முதல் ஆகஸ்ட் வரை மாதம் ஒரு விதைப்பைத் தயங்காமல் போடலாம். ஏப்ரல், மே நாற்றுகளுக்கு மட்டும் நட்ட மூன்று நாள் நிழல்வலை கொடுத்தால் போதும். வடகிழக்குப் பருவமழைதான் சிக்கல். ஆகஸ்டில் விதைத்தவை அக்டோபரில், தீபாவளிக்குப் பூத்துக்கொண்டிருக்கும்போதே மழையில் மாட்டும். செப்டம்பர், அக்டோபர் விதைப்பை மழை நேராக விழாத சுவரோரத்துக்கு, குட்டை ரகத்துக்கு என்று ஒதுக்குங்கள். பொங்கலுக்குப் பூ வேண்டுமானால் நவம்பர் முதல் வாரம், கூரைக்குக் கீழே குழித்தட்டில் விதைக்க வேண்டும். மழை விட்ட நாட்களில் தட்டை வெயிலுக்கு நகர்த்துங்கள். ஊட்டி, கொடைக்கானலில் இருப்பவர்களுக்கு இந்த அட்டவணை பொருந்தாது. உறைபனி ஒரே இரவில் செடியைக் கருக்கிவிடும் என்பதால் அங்கே விதைப்பை மார்ச்சில்தான் தொடங்க வேண்டும்.

ரகத் தேர்வில் ஒரு விஷயத்தை விதைப் பாக்கெட் சொல்லாது. ஜின்னியாவுக்குப் பகல் நீளம் குறைந்தால் சீக்கிரம் மொட்டு வரும், உயரம் குறையும். ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவிலும் கோடைப் பகல் 15 மணி நேரத்தைத் தாண்டும். நம் ஊரில் ஆண்டின் மிக நீண்ட பகலே 13 மணி நேரத்தை எட்டாது. ஆகவே 'உயரம் 100 செ.மீ.' என்று அச்சிட்ட ரகம் இங்கே அதைவிடக் குட்டையாக நின்றால் மண்ணைக் குறை சொல்ல வேண்டாம். டிசம்பர், ஜனவரியில் வளரும் செடிகளில் இது நன்றாகவே தெரியும். நெட்டைச் செடியும் நீளக் காம்பும் வேண்டுமென்றால் மார்ச் முதல் ஜூன் வரை விதைப்பதே சரி.

நெட்டையில் பெனரிஸ் ஜெயன்ட், கலிபோர்னியா ஜெயன்ட் இரண்டும் பெயர் பெற்றவை. பூச்சாடிக்கு வெட்ட ஏற்றவை. ஒக்லஹோமா, லில்லிபுட் போன்றவற்றின் பூ சிறியது, எண்ணிக்கை அதிகம். பைகளில் வளர்ப்பவர்களுக்கு புரொஃப்யூஷன், ஸஹாரா என்ற இரண்டு வரிசைகளைத்தான் முதலில் சொல்ல வேண்டும். அகல இலை ஜின்னியாவையும் குறுகிய இலை ஜின்னியாவையும் கலந்து உருவான கலப்பினம் இவை. குறுகிய இலைப் பெற்றோரிடமிருந்து நோய் எதிர்ப்பு வந்திருக்கிறது. ஜப்பானின் சகாட்டா நிறுவனத்தின் புரொஃப்யூஷன் 1999இல் அமெரிக்காவின் ஆல் அமெரிக்கா செலக்‌ஷன்ஸ் தங்கப் பதக்கம் வாங்கியது. ஓரடி உயரம், ஓரடி அகலம், நுனி கிள்ளத் தேவையில்லை. காய்ந்த பூவை எடுக்காவிட்டாலும் புதுத் துளிர் மேலேறி மூடிவிடும். விலை அதிகம், பூ சிறியது, ஒற்றை அடுக்கே பெரும்பாலும் கிடைக்கும். இருந்தாலும் மழைக்கால அணிக்கு இதைத் தவிர வேறு எதையும் பரிந்துரைக்க மனம் வரவில்லை. நர்சரிகளில் கிடைக்கும் மலிவான 'மிக்ஸ்' பாக்கெட்டில் அடுக்குப் பூவும் ஒற்றைப் பூவும் கலந்துதான் வரும். அது ஏமாற்று அல்ல. தானாக மகரந்தச் சேர்க்கை நடந்த விதையில் அடுக்கு முழுமையாக வராது. முதல் பூ விரிந்ததும் பிடிக்காததைப் பிடுங்கிவிட வசதியாக, தேவையைவிட மூன்றில் ஒரு பங்கு கூடுதலாக நாற்று விடுங்கள். ஒற்றைப் பூக்களில் ஒன்றிரண்டை விட்டுவைத்தால் பட்டாம்பூச்சிகள் தேடி வரும். நடுவில் தேன் பூக்கள் திறந்திருப்பது அவற்றில்தான்.

இனி விதைப்பு. விதையை ஊற வைக்கத் தேவையில்லை. குழித்தட்டில் தென்னைநார்த் தூளும் மண்புழு உரமும் மூன்றுக்கு ஒன்று. நார்த்தூள் கட்டியை ஊறவைத்த முதல் தண்ணீரைக் கொட்டிவிட்டு மறுபடி அலசுங்கள். அதில் இருக்கும் உப்பு முளையின் வேரைக் கருக்கும். குழிக்கு இரண்டு விதை, அரை செ.மீ. முதல் ஒரு செ.மீ. ஆழம். மேலே தூவி விட்டுவிட்டால் எறும்பு இழுத்துப் போகும், அணில் கிளறும், விதையுறை கழலாமல் முளை தலையில் தொப்பியோடு நிற்கும். முளைக்கும் வரை ஈரம் காயக்கூடாது. ஆனால் பிழிந்தால் நீர் சொட்டும் அளவுக்கும் இருக்கக்கூடாது. தட்டைத் தண்ணீர்த் தாம்பாளத்தில் பத்து நிமிடம் வைத்து அடியிலிருந்து உறிஞ்ச விடுவது மேலிருந்து ஊற்றுவதைவிட நல்லது.

முதல் முளை தலை காட்டிய அன்றே தட்டு வெயிலுக்குப் போக வேண்டும். 'இளசு, வெயில் தாங்காது' என்று ஜன்னலோரத்தில் வைத்தால் இரண்டே நாளில் தண்டு நூலாக நீண்டு சாயும். அதை நிமிர்த்த வழியே இல்லை. காலை வெயிலில் தொடங்கி நான்கு நாளில் முழு வெயிலுக்குப் பழக்குங்கள். முளைத்தது தரை மட்டத்தில் கருத்து, சுருங்கி, ஒடிந்து விழுந்தால் அது நாற்றழுகல். பழைய கலவை, அதிக ஈரம், நெருக்கம் மூன்றும் சேர்ந்தால் வரும். தட்டைக் கழுவிக் காயவைத்துப் பயன்படுத்துங்கள். ஒரு கிலோ கலவைக்கு 10 கிராம் டிரைக்கோடெர்மா விரிடி (நன்மை செய்யும் பூஞ்சைத் தூள்) கலந்தால் பெரும்பாலும் வராது. வந்தபின் அந்தக் குழிகளைக் காப்பாற்ற முயலாமல் அப்புறப்படுத்துங்கள்.

ஜின்னியாவை இடம் மாற்றினால் பிழைக்காது என்று ஒரு பேச்சு உண்டு. வேர் வெறுமையாகப் பிடுங்கி நட்டால் முடங்கும் என்பது உண்மை. குழித்தட்டிலிருந்து வேர்க்கட்டியோடு எடுத்தால் ஒன்றும் ஆகாது. காலம் தவறுவதுதான் கெடுதல். விதையிலைக்கு மேலே இரண்டு ஜோடி உண்மை இலை வந்ததும் மாற்றிவிட வேண்டும். மூன்று, நான்கு வாரம் தட்டிலேயே கிடந்து வேர் சுருண்ட நாற்று, குழியிலேயே மொட்டு வைத்துவிடும். அதைப் பிறகு எவ்வளவு நல்ல மண்ணில் நட்டாலும் குட்டையாகவே நின்று, நாலு பூவோடு முடியும். நாற்று வாங்கி நடுபவர்களும் பூத்திருக்கும் நாற்றைப் பார்த்து மயங்காமல், பூக்காத இளம் நாற்றாகப் பார்த்து எடுங்கள். தரையில் நடுவதாக இருந்தால் இந்த வேலையெல்லாம் வேண்டாம், நேரடியாக ஊன்றிவிடலாம். நெட்டைக்கு ஓரடி, குட்டைக்கு அரையடி இடைவெளி.

ஓரடிப் பையில் நெட்டை ரகம் ஒன்று, குட்டை என்றால் இரண்டு. பை நிறைய வேண்டும் என்று நான்கைந்து நட்டால் முதல் மாதம் அழகாக இருக்கும், மூன்றாவது மாதம், இலையில் வெள்ளை படரும் சாம்பல் நோய்க்குப் பந்தல் போட்டதாக ஆகும். மண் கலவை: செம்மண் இரண்டு பங்கு, நார்த்தூள் ஒன்று, மக்கிய தொழு உரம் அல்லது மண்புழு உரம் ஒன்று, பைக்கு ஒரு கைப்பிடி வேப்பம் புண்ணாக்கு. மாடியில் பையைத் தளத்தின் மேல் நேராக வைக்காமல் இரண்டு செங்கல் மீது வையுங்கள். அடியில் தண்ணீர் தேங்காது, மே மாதத் தளச்சூடு வேரைத் தாக்காது.

உரத்தைப் பற்றிக் கேட்டீர்கள். நட்டு மூன்று வாரம் எதுவும் தேவையில்லை. மொட்டு தெரிந்ததும் 15 நாளுக்கு ஒரு முறை கடலைப் புண்ணாக்குக் கரைசல்: 100 கிராமை ஒரு லிட்டர் தண்ணீரில் இரண்டு நாள் ஊறவைத்து, பத்து மடங்கு நீர் சேர்த்து, பைக்குக் கால் லிட்டர். இலை கரும்பச்சையாகி உள்ளங்கை அகலத்துக்கு வளர்ந்து பூ தாமதித்தால் தழைச்சத்து மிகுந்துவிட்டது, நிறுத்திவிடுங்கள். அப்படிக் கொழுத்த இலைதான் பூச்சிக்கும் பூஞ்சைக்கும் முதலில் இரையாகும்.

நுனி கிள்ளுவதுதான் நெட்டை ரகத்தில் பலர் மனசு வராமல் விடும் வேலை. செடி 20 முதல் 25 செ.மீ. உயரம் வந்ததும், கீழிருந்து மூன்று ஜோடி இலையை விட்டு, அதற்கு மேலே கத்தரிக்கோலால் வெட்டுங்கள். விரலால் வெறும் குருத்தை மட்டும் கிள்ளினால் மேல் கணுவில் இரண்டு கிளையோடு நின்றுவிடும். மூன்று ஜோடிக்கு மேல் வெட்டினால் இலை தண்டோடு சேரும் ஆறு கக்கங்களிலிருந்தும் கிளை வரும். முதல் பூ ஒரு வாரம், பத்து நாள் தள்ளிப்போகும். அதை ஈடுகட்டும் அளவுக்குப் பூ கூடும். மேலே சொன்ன 60 நாள் கணக்கில் இந்தத் தாமதமும் அடக்கம். கிள்ளாத செடி ஒற்றைத் தண்டில் உச்சியில் ஒரு பெரிய பூவைத் தூக்கிக்கொண்டு காற்றில் ஒடியும்.

பூ வந்தபின் வெட்டிக்கொண்டே இருக்க வேண்டும். எங்கே வெட்டுவது என்பதில்தான் தவறு நடக்கிறது. பூத்தலையை மட்டும் கொய்தால் மொட்டையான காம்பு காய்ந்து நிற்கும், பக்கத்துளிர் வலுவிழந்து வரும். காம்பில் கீழே இறங்கி, இரண்டு பக்கமும் சிறு துளிர் தெரியும் இலை ஜோடிக்குச் சற்று மேலே வெட்டுங்கள். ஒரு வெட்டுக்கு இரண்டு பூக்காம்பு அங்கிருந்து வரும். பூ வயதானதை எப்படிக் கண்டுபிடிப்பது? இதழ் வாடும் வரை காத்திருக்க வேண்டாம். ஜின்னியா இதழ் செடியிலேயே வாரக்கணக்கில் நிறம் மாறாமல் நிற்கும், அதற்குள் உள்ளே விதை பிடித்துவிடும். நடு வட்டத்தைச் சுற்றி மஞ்சள் நட்சத்திரங்களாகச் சிறு பூக்கள் வரிசை வரிசையாக விரியும். அந்த வளையம் மேலேறி உச்சியைத் தொட்டு, நடுப்பகுதி கூம்பாக எழுந்துவிட்டால் அந்தப் பூவின் வேலை முடிந்தது. விதை வளர்க்கத் தொடங்கிய செடி புது மொட்டுக்குச் சத்து தராது. வாரம் இரண்டு நாள் கத்தரிக்கோலோடு ஒரு சுற்று வருவது, எந்தப் பூக்க வைக்கும் டானிக்கையும் விட மேல்.

பூச்சாடிக்கு வெட்டுவதானால் ஒரு சோதனை. பூவுக்கு ஒரு சாண் கீழே காம்பைப் பிடித்து ஆட்டுங்கள். தலை தளர்ந்து ஆடினால் இன்னும் முற்றவில்லை, வெட்டினால் அன்று மாலையே தலை தொங்கும். காம்பு குச்சியாக விறைத்து நின்றால் வெட்டலாம். ரோஜாவைப் போல் அல்ல, இதை மொட்டாக வெட்டினால் சாடியில் விரியாது, முழுக்க விரிந்தபின்தான் வெட்ட வேண்டும். தண்ணீருக்குள் இலை இருக்கக்கூடாது, தண்ணீரைத் தினம் மாற்றுங்கள், ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள், குளிரில் இதழ் கெடும்.

இப்போது அந்த வெள்ளைப் படர்வு. அது சாம்பல் நோய். மழையில்தான் பூஞ்சை வரும் என்ற பொது நம்பிக்கை இங்கே தவறாகப் போகும். இந்தப் பூஞ்சைக்கு இலை நனைய வேண்டியதில்லை. பகல் வறட்சி, இரவில் காற்றில் ஈரம், செடிகளுக்கு இடையே காற்று நின்றுபோதல், இவை போதும். பனி இறங்கும் தை, மாசியில் அதனால்தான் தொடங்குகிறது. காற்றோட்டம் எவ்வளவு முக்கியம் என்பதற்கு ஒரு வேடிக்கையான சான்று, விண்வெளியிலிருந்து. சர்வதேச விண்வெளி நிலையத்தில் வளர்த்த ஜின்னியாவில் 2015 டிசம்பரில் பூஞ்சை பிடித்தது. நீர் மிகுதி, காற்றோட்டம் குறைவு. அங்கிருந்த விண்வெளி வீரர் ஸ்காட் கெல்லி கெட்டுப்போன பகுதிகளை வெட்டி, விசிறி வேகத்தைக் கூட்டி, நீரைத் தன் கணிப்புப்படி ஊற்றத் தொடங்கினார். பிழைத்த செடிகள் 2016 ஜனவரியில் பூத்தன. மாடியிலும் மருந்துக்கு முன் இதைத்தான் செய்ய வேண்டும்: பைகளுக்கு இடையே அரையடி விடுங்கள், கீழ் இலைகளில் இரண்டு ஜோடியை எடுத்துவிடுங்கள், நிழலிலிருந்து நகர்த்துங்கள்.

மருந்து என்றால் முதல் வெள்ளைப் புள்ளி தெரிந்த அன்றே. நனையும் கந்தகம் லிட்டருக்கு 2 கிராம், மாலையில், இலையின் இரு பக்கமும் படும்படி, பத்து நாள் இடைவெளியில் இரண்டு முறை. வெயில் 32 டிகிரியைத் தாண்டும் நாட்களில் கந்தகம் இலையைக் கருக்கும். வேப்பெண்ணெய் தெளித்து இரண்டு வாரம் ஆகாமலும் அடிக்கக்கூடாது. ரசாயனம் வேண்டாதவர்கள் ஒரு பங்கு பாலுக்கு ஒன்பது பங்கு தண்ணீர் கலந்து வெயில் நேரத்தில் வாரம் ஒரு முறை தெளிக்கலாம். ஆரம்பத்தில் பிடித்தால் கட்டுப்படும். பாதி இலை வெளுத்தபின் எதுவும் பலிக்காது. ஆறேழு வாரம் பூத்து முடித்த செடியில் வந்தால் சிகிச்சையே வேண்டாம், பிடுங்கி அடுத்த நாற்றை வையுங்கள்.

மழைக்காலத்து இலைப்புள்ளிகள் வேறு. செம்பழுப்புப் புள்ளி, நடுவில் சாம்பல் நிறம், இதழிலும் பரவினால் ஆல்டர்னேரியா பூஞ்சை. மாங்கோசெப் லிட்டருக்கு 2 கிராம் கேட்கும். நரம்புகளுக்கு இடையே அடைபட்டுக் கோணலாக, மஞ்சள் விளிம்போடு இருந்தால் பாக்டீரியா. அதற்கு வீட்டில் மருந்து இல்லை. இரண்டும் விதை வழியாகவே வரக்கூடியவை. ஆகவே முதல் மழைக்கு முன்பே நாற்றில் புள்ளி தெரிந்தால் அந்தப் பாக்கெட்டை மறுபடி விதைக்காதீர்கள். ஹோஸ் பைப்பால் தலையிலிருந்து குளிப்பாட்டுவதுதான் ஒரு செடியிலிருந்து அடுத்ததற்கு இதைக் கொண்டுபோகும். காலையில், வேரடியில் மட்டும் ஊற்றுங்கள். மே மாதத்தில் மாலையும் ஒரு முறை தேவைப்படும்.

இலை மேல்நோக்கிச் சுருண்டு, தடித்து, செடி குறுகி நின்றால் வெள்ளை ஈ கொண்டுவரும் இலைச்சுருட்டு வைரஸ். பக்கத்தில் மிளகாய், தக்காளி, பப்பாளி இருந்தால் வாய்ப்பு அதிகம். குணமாகாது. அன்றே பிடுங்கிப் பையில் கட்டிப் போட்டுவிட்டு, மஞ்சள் ஒட்டும் அட்டையைச் செடி மட்டத்தில் தொங்கவிடுங்கள். அசுவினி, மாவுப்பூச்சிக்கு லிட்டருக்கு 5 மில்லி வேப்பெண்ணெய், கொஞ்சம் காதி சோப்புக் கரைசல் போதும். பூவில் தேனீ இருக்கும் நேரத்தில் தெளிக்காதீர்கள். பூவுக்கு வரும் பட்டாம்பூச்சி புழு வைத்துவிடுமோ என்ற பயம் வேண்டாம். தேன் குடிக்க வருபவை முட்டையிட எலுமிச்சை, எருக்கு, கறிவேப்பிலை என்று அவரவர் செடியைத் தேடிப் போய்விடும். இலையை ஓட்டை போடுவது இரவில் வரும் அந்துப்பூச்சியின் புழு. டார்ச் அடித்துக் கையால் பொறுக்கினால் தீர்ந்தது.

ஒவ்வொரு அணியிலும் சிறந்த செடியில் இரண்டு பூக்களை வெட்டாமல் விட்டால் அடுத்த ஆண்டு விதை வாங்க வேண்டாம். தலை பழுப்பாகி, காம்பும் காய்ந்தபின் மழையில்லாத நாளில் எடுங்கள். சிட்டுக்குருவியும் சில்லைகளும் முந்திக்கொள்ளும் என்பதால் வலைத்துணி கட்டுவது நல்லது. ஒவ்வொரு இதழின் அடியிலும் அம்பு முனை வடிவில் ஒரு விதை ஒட்டியிருக்கும். நகத்தால் அழுத்தினால் தடிப்பாக உணர்வதை வைத்து, காகிதமாக மடங்குவதை எறிந்துவிடுங்கள், அது பதர். நிழலில் ஒரு வாரம் காயவைத்து, காகித உறையில், காற்றுப் புகாத டப்பாவில், ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்தால் மூன்று ஆண்டு முளைக்கும். அலமாரியில் திறந்து கிடந்தால் ஒரு மழைக்காலத்துக்குள்ளேயே முளைப்புத்திறன் சரிந்துவிடும். புரொஃப்யூஷன் போன்ற கலப்பினத்தில் இந்த வேலையைச் செய்யாதீர்கள். பிள்ளைச் செடிகள் தாய் மாதிரியே வரும் என்று சொல்ல முடியாது, அதற்கு ஒவ்வொரு முறையும் புதுப் பாக்கெட்தான் வாங்க வேண்டும்.